சாய்ந்த குடமும் வளைந்த விரலும்

குரு என்றால் தாடி இருக்க வேண்டும் என்று நினைப்பவர்கள் கொஞ்சம் ஏமாறத்தான் வேண்டும். இந்தக் கதையின் குருவுக்குத் தாடி இல்லை. முழங்கால்வரை ஏறும் ரப்பர் சப்பாத்து உண்டு. பெயர் இங்குன். நோர்வே நாட்டின் வடக்கே ஒரு தீவில், கடலோரத்துப் பழைய படகுக் கொட்டகை ஒன்றில், ஆள் உயரத்துக்கு மண்குடம் செய்கிறவள். அவளுடைய குடங்கள் தலைநகரத்து அருங்காட்சியகத்தில் கண்ணாடிக்கு உள்ளே ஒரு பக்கமாகச் சாய்ந்து நிற்கின்றன. அவளோ சீனி தீர்ந்துவிட்டது என்று பக்கத்து வீட்டுக் கதவுக்கு வெளியே நிற்பாள்.

சிஷ்யைக்குக் குருவைவிடப் பத்து வயதாவது கூட. பெயர் யோகமலர். யாழ்ப்பாணத்தில் பிறந்து, சண்டைக் காலத்தில் புருஷனோடு அந்தத் தீவில் வந்து இறங்கி, வந்த சூட்டோடு மீன் தொழிற்சாலையில் கத்தி பிடித்தவள். அவள் பெயர் அங்கே யாருக்கும் முழுசாக வாயில் நுழையவில்லை. 'யோகா' என்று வெட்டிவிட்டார்கள். தலைகீழாக நிற்பாயா என்று அவளிடம் கேட்காதவர்கள் தொழிற்சாலையில் குறைவு.

அப்படிக் கேட்காத ஒருத்தி பெரித். மீன் வெட்டும் மேசையில் யோகமலருக்குப் பக்கத்து இடம் அவளுடையது. யோகமலர் முதன்முதலாகக் கற்ற நோர்வே வார்த்தைகள் எல்லாம் பெரித் கொடுத்தவை. அவற்றில் பாதியை நாலு பேர் முன்னால் சொல்லக்கூடாது என்பது பிறகுதான் தெரிந்தது.

இருவரும் தோளோடு தோள் நின்று வருஷக்கணக்காக மீனை முள்ளிலிருந்து பிரித்தார்கள். பெருவிரலால் முள்ளை ஒட்டி அழுத்திக்கொண்டே போக வேண்டும். அழுத்தி அழுத்தி, யோகமலரின் வலது பெருவிரல் உள்பக்கமாக வளைந்து அப்படியே நின்றுவிட்டது. அதைப் பற்றி அவளுக்குப் பெரிய வெட்கம். கலியாண வீடுகளில் சேலைத் தலைப்புக்குள் அந்த விரலை ஒளித்துக்கொண்டுதான் படத்துக்கு நிற்பாள்.

பிறகு மீன் வெட்ட இயந்திரம் வந்தது. வேலை போனது. வீட்டில் சும்மா இருந்தால் பைத்தியம் பிடித்துவிடும் என்று பயந்துதான் ஊர் மண்டபத்தில் நடந்த மண்பாண்ட வகுப்புக்குப் போனாள். முதல் மண் உருண்டையைக் கையில் எடுத்ததும் அவளுக்கு அழுகை வந்தது. வெட்ட வேண்டாத ஒன்றைக் கையில் பிடித்து எவ்வளவு காலமாகிவிட்டது என்று அப்போதுதான் உறைத்தது.

வகுப்பு முடிந்ததும், வகுப்பு எடுத்த இங்குனிடம் போனாள். அவளுடைய நோர்வே மொழியும் யாழ்ப்பாணத்து ராகத்தில்தான் வரும்.

"நீங்கள் எனக்குத் தொடர்ந்து சொல்லித் தருவீங்களோ?"

இங்குன் திரும்பித் தனக்குப் பின்னால் பார்த்தாள். அங்கே சுவர்தான் இருந்தது.

"யாரைக் கேட்கிறாய்? இங்கே நான் ஒருத்திதான் இருக்கிறேன்."

சிக்கல் இதுதான். நோர்வே மொழியில் எதிரில் நிற்பது பால்காரரானாலும் மந்திரியானாலும் ஒரே சொல்தான்: 'தூ'. நீ என்று அர்த்தம். எதிரில் பல பேர் நின்றால் மட்டும் 'தேரெ'. யோகமலருக்கு இது தெரியாமல் இல்லை. பெரித்தைத் தாராளமாகத் 'தூ' போட்டுத்தான் பேசுவாள். ஆனால் படிப்பிக்கிறவளின் முகத்துக்கு நேரே 'தூ' என்று சொல்ல ஒரு தமிழ் நாக்கு எப்படித் துணியும்? காறித் துப்பினது மாதிரி அல்லவா இருக்கும்? அதனால் 'தேரெ' என்றாள்.

"எங்கட பாஷையில படிப்பிக்கிற ஆளை ஒராளாச் சொல்ல மாட்டம்," என்றாள். "கன பேர் மாதிரித்தான் சொல்லுவம். அதுதான் மரியாதை."

இங்குன் யோசித்தாள்.

"அந்தக் கன பேர் யார்?"

பள்ளிக்கூடத்தில் அதை யாரும் யோகமலருக்குச் சொல்லித் தரவில்லை.

"சரி. தெரிந்தால் சொல்," என்றாள் இங்குன். "அதுவரைக்கும் 'தூ' என்றே கூப்பிடு."

"ஏலாது."

"அப்படியென்றால் நாளைக்குக் கொட்டகைக்கு வா. வந்து எங்கள் எல்லோருக்கும் காபி போடு."

அப்படித்தான் ஆரம்பித்தது. யோகமலர் காபி போட்டாள். மண் பிசைந்தாள். மண்ணைக் கயிறாக உருட்டி, வட்டமாகச் சுற்றி, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, பெருவிரலால் அழுத்தி ஒட்டக் கற்றாள். வளைந்த விரல் போன இடமெல்லாம் சாய்வாக ஒரு பள்ளம் விழும். இங்குனின் குடங்களில் பள்ளம் கிடையாது. கூழாங்கல்போல வழவழவென்று இருக்கும். ஆகவே யோகமலர் ஒரு மெல்லிய இரும்புத் தகட்டை எடுத்துக்கொண்டு ஒவ்வொரு பள்ளத்தையும் வழித்து வழித்து இல்லாமல் ஆக்குவாள். குடம் கட்டுவதற்கு ஆகும் நேரத்தைவிட வழிப்பதற்கு ஆகும் நேரம் அதிகம்.

வருஷங்கள் போயின. யோகமலர் தன் வீட்டு நிலவறையிலேயே ஒரு பட்டறை வைத்துக்கொண்டாள். அங்கே செய்த குடங்களைக் கொட்டகைக்குப் பின்னால் இருந்த இங்குனின் சூளையில்தான் சுடுவாள். இங்குனைப் பார்க்க வருகிறவர்கள் யோகமலரின் குடத்தைக் காட்டி, "இது எப்போது செய்தாய், இங்குன்?" என்று கேட்பார்கள். அதைக் கேட்கும்போதெல்லாம் யோகமலருக்கு உச்சி குளிர்ந்துபோகும். இங்குன் விறகு எடுக்கப் போய்விடுவாள்.

தலைநகரில் வருஷா வருஷம் பெரிய கலைக் கண்காட்சி ஒன்று நடக்கும். நாடு முழுக்க இருந்து அனுப்புவார்கள். கொஞ்சப் பேரைத்தான் எடுப்பார்கள். யோகமலர் ஒரு குடம் அனுப்பினாள். அவளுடைய புருஷன் இரத்தினசிங்கம் அதைத் தீவில் இருக்கிற அத்தனை தமிழ்க் குடும்பத்துக்கும் சொல்லி முடித்தார்.

குடம் திரும்பி வந்தது. நடுவர்கள் சொன்னது இவ்வளவுதான்: "தேர்ந்த கை. ஆனால் இது இங்குனின் குடம்."

அடுத்த வருஷம் இன்னும் கவனமாகச் செய்து அனுப்பினாள். அதுவும் திரும்பி வந்தது. "மறுபடியும் இங்குனின் குடம்."

இரத்தினசிங்கத்துக்குப் பேரில்தான் சிங்கம். மனைவி அழுதால் பூனை. அவர் ஒரு மூலையில் உட்கார்ந்து, யாருக்கெல்லாம் போய்ச் சொன்னோம் என்று நினைத்து நினைத்து வருந்தினார்.

யோகமலர் கொட்டகைக்குப் போனாள். வழக்கம்போலக் காபி போட்டு இங்குனின் முன்னால் வைத்தாள்.

"இன்னும் ஒரு முறை அனுப்பப்போறன். இந்த முறையும் திருப்பினா நான் இனி மண்ணைத் தொடமாட்டன்."

"சரி."

"சரி எண்டா?"

"காபி நன்றாக இருக்கிறது."

யோகமலருக்கு எரிச்சல் வந்தது. இத்தனை வருஷம் மனசுக்குள் அடக்கி வைத்த கேள்வி வாயைத் தாண்டி வந்துவிட்டது.

"நீங்கள் என்ர குடத்தை விட்டு எப்ப போவீங்கள்?"

இங்குன் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"நான் இளவயதில் செய்த கிண்ணம் தெரியுமா உனக்கு?"

"தெரியும். நீல விளிம்பு. பெரித் வீட்டில இப்பவும் கிடக்கு."

"எல்லார் வீட்டிலும் கிடந்தது. நாடு முழுக்க அதில்தான் காபி குடித்தார்கள். பத்திரிகையில் என் படம் வந்தது. நடந்தால் கால் தரையில் படாது எனக்கு."

"பேந்து என்ன நடந்தது?"

"பெர்கன் நகரத்தில் எனக்குப் படிப்பித்தவர் செத்துப்போனார். செத்தவீட்டில் என் கிண்ணத்தில்தான் காபி கொடுத்தார்கள். ஒரு அம்மாள் அந்தக் கிண்ணத்தைத் தடவிப் பார்த்து, 'பாவம், கடைசிவரைக்கும் எவ்வளவு அழகாகச் செய்தார்' என்று அழுதாள். நானும் அழுதேன். எதற்கு அழுதேன் என்று கேட்காதே."

யோகமலர் கோப்பையில் இன்னும் கொஞ்சம் காபி ஊற்றினாள்.

"அந்த வாரமே கப்பல் ஏறிவிட்டேன். வடக்கே வந்தபோது இந்தக் கொட்டகைதான் கிடைத்தது. தரையைப் பார்த்தாயா?"

யோகமலர் பார்த்தாள். வருஷக்கணக்காக நின்ற தரைதான். படகை இழுத்து ஏற்றுவதற்காகக் கட்டியது. கடலைப் பார்த்துச் சரிந்து கிடந்தது.

"இந்தச் சரிவுக்கு என் குடம் கோணிப்போகும். அதனால் அடியில் ஒரு பலகையைச் செருகி மட்டம் பார்த்துத்தான் குடம் கட்டுவேன். ஒரு குளிர்காலம் விறகு தீர்ந்துபோனது. விரல் விறைத்துப்போய், அந்தப் பலகையை எடுத்து அடுப்பில் வைத்துவிட்டேன்."

"குடம்?"

"கோணியது. சமதரையில் வைத்தால் பக்கத்து வீட்டுச் சண்டையைக் காது கொடுத்துக் கேட்பதுபோல நின்றது. எனக்குச் சிரிப்பு வந்தது. உடைக்க மனசு வரவில்லை. அருங்காட்சியகத்துக்காரர் வந்து அதைத்தான் முதலில் கேட்டார். சாய்வுக்குப் பின்னால் பெரிய தத்துவம் இருக்கிறது என்று எழுதினார்கள். பலகை எரிந்த கதையை நான் யாருக்கும் சொல்லவில்லை."

யோகமலர் தலையைக் குனிந்துகொண்டாள். இங்குன் அதைக் கவனித்தாள்.

"உன் வீட்டு நிலவறைத் தரை எந்தப் பக்கம் சரிந்திருக்கிறது?"

"சரிவில்லை. மட்டமாத்தான் கிடக்கு."

"அப்போ உன் குடமும் என்னுடையது மாதிரி ஏன் சாய்கிறது?"

யோகமலரின் குரல் இறங்கிப்போனது.

"அடியில பலகை ஒண்டு வைக்கிறனான்."

இங்குன் சிரித்த சிரிப்பில் காபி மேசையெல்லாம் சிந்தியது. கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து, சப்பாத்தை மாட்டிக்கொண்டு வெளியே நடந்தாள். யோகமலர் பின்னாலேயே ஓடினாள்.

இங்குன் நேரே யோகமலரின் வீட்டுக்குப் போய் நிலவறையில் இறங்கினாள். குடம் கட்டும் இடத்தில் கிடந்த பலகையைக் காலால் தட்டி வெளியே எடுத்து, மேலே கொண்டுவந்து அடுப்புக்குள் தள்ளினாள். பிறகு திரும்ப இறங்கி, அந்த இரும்புத் தகட்டை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டாள். கடற்கரைக்குப் போய், கை எட்டுமட்டும் ஓங்கி, தகட்டைக் கடலில் எறிந்தாள். மீனாக்கும் என்று கடற்பறவைகள் பாய்ந்து, ஏமாந்து, கத்திக்கொண்டு திரும்பின.

"அது நல்ல தகடு," என்றாள் யோகமலர்.

"நல்ல தகடுதான்."

"இனி நான் எதால வழிக்கிறது?"

"என்னைக் கேட்டால்? என்னிடம் தகடு இல்லை."

சொல்லிவிட்டு இங்குன் தன் வழியே போய்விட்டாள்.

யோகமலர் மூன்றாவது குடத்தைக் கட்டத் தொடங்கினாள். அது நேராக எழுந்தது. சாய்வு இல்லை, ஒன்றும் இல்லை. ஆனால் அடியிலிருந்து கழுத்துவரை அவளுடைய பெருவிரல் பள்ளம் வரிவரியாகச் சுற்றிக்கொண்டு ஏறியது. வழிக்கத் தகடு இல்லை. கரண்டியால் வழித்துப் பார்த்தாள், இன்னும் அலங்கோலமானது. அந்த இடத்தைப் பிய்த்து மறுபடி விரலால் கட்டினாள். கட்டி முடித்து, வாரக்கணக்கில் காயவிட்டு, தள்ளி நின்று பார்த்தபோது அவளுக்குக் கூச்சமாக இருந்தது. இத்தனை காலம் சேலைக்குள் ஒளித்த விரல் ஆள் உயரத்துக்கு எழுந்து நிற்கிறது.

இரத்தினசிங்கம் இறங்கி வந்து பார்த்தார்.

"நல்லாத்தானே கிடக்கு. செதில் செதிலா."

அன்று இராச்சாப்பாடுவரைக்கும் அவள் அவரோடு பேசவில்லை.

"இதை நான் அனுப்பமாட்டன்," என்றாள் சாப்பிடும்போது. "நாளைக்கு உடைச்சுத் தண்ணியில கரைக்கப்போறன். இதோட விட்டிடுவம்."

"உம்," என்றார் இரத்தினசிங்கம்.

மறுநாள் காலை அவள் கடைக்குப் போய்த் திரும்பியபோது நிலவறை காலியாக இருந்தது. இரத்தினசிங்கமும் அவருடைய வான் வண்டியும் இல்லை. குடமும் இல்லை. அவளுக்கு உடனே விளங்கிவிட்டது. மூச்சு வாங்க ஓடிக் கொட்டகைக்குப் போனபோது, சூளையின் வாயை இங்குன் செங்கல் வைத்து அடைத்துக்கொண்டிருந்தாள். இரத்தினசிங்கம் செங்கல் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். வாழ்க்கையில் முதல்முறையாக அவர் மனைவியின் முகத்தைப் பார்த்து முழித்துக்கொண்டு, ஆனால் நகராமல் நின்றார்.

"என்ர குடம் உள்ளுக்கோ?"

"உள்ளேதான்," என்றாள் இங்குன். "விறகு எடு."

கோடைக்காலம். அந்தப் பக்கத்தில் சூரியன் மறையாத நாட்கள். இங்குனின் சூளைக்கு நாட்கணக்கில் விறகு ஊட்ட வேண்டும். ஒருவரால் ஆகிற காரியம் இல்லை. அக்கம்பக்கத்தார் முறை வைத்துக்கொண்டு வந்தார்கள். பெரித்தும் வந்து, தன் முறைக்கு விறகை அள்ளிப் போட்டுக்கொண்டே பழைய தொழிற்சாலைக் கெட்ட வார்த்தைகளைச் சூளைக்கும் சொல்லிக் கொடுத்தாள். யோகமலர் கோபத்தோடுதான் விறகு போட்டாள். எரிகிற குடத்தை உடைக்க முடியாது என்பதால் போட்டாள்.

ஓரளவு ஆறியபிறகு இங்குன் சூளையைத் திறந்தாள்.

மரச் சாம்பல் உருகிக் குடத்தின்மேல் வழிந்திருந்தது. வழவழப்பான குடமாக இருந்தால் வழிந்து கீழே போயிருக்கும். இங்கே போகவில்லை. ஒவ்வொரு விரல் பள்ளத்திலும் தேங்கி நின்று, ஆழ்கடல் பச்சையில் கண்ணாடியாக உறைந்திருந்தது. வெளியே தூக்கி வைத்ததும் வெயில் பட்டு வரி வரியாகப் பற்றிக்கொண்டது.

எல்லோரும் கிட்ட வந்து சுற்றி நின்றார்கள். பெரித் கெட்ட வார்த்தைகளை மறந்துபோனாள்.

இங்குன் குடத்தின்மேல் உள்ளங்கையை வைத்தாள்.

"எப்பிடி இருக்கு?" என்று கேட்டாள் யோகமலர்.

"இன்னும் சூடாக இருக்கிறது," என்றாள் இங்குன்.

குடம் தலைநகருக்குப் போனது. திரும்பி வரவில்லை. எடுத்துக்கொண்டோம் என்று செய்தி வந்த அன்று, இரத்தினசிங்கம் ஒருவருக்கும் சொல்லவில்லை, பயம். கண்காட்சி தொடங்குகிற நாளில்தான் சொன்னார், அதுவும் விமானத்தில் ஏறி உட்கார்ந்தபிறகு, பக்கத்துச் சீட்டுக்காரரிடம்.

முதல் மண்டபத்தின் நட்ட நடுவில் அந்தக் குடம் தனியாக நின்றது. சுற்றிவர வேறு எதுவும் வைக்கவில்லை. கீழே அவள் பெயரை ஓர் எழுத்தும் வெட்டாமல் முழுசாகப் போட்டிருந்தார்கள். யோகமலர் அதை வாசித்தாள். கொஞ்சம் தள்ளிப் போய் நின்று மறுபடி வாசித்தாள். பட்டுச் சேலைதான் கட்டியிருந்தாள். கை வழக்கம்போலத் தலைப்புக்குள் போயிருந்தது.

ஒரு பத்திரிகைக்காரர் வந்தார். அந்த நாட்டு வழக்கப்படி அவரும் 'தூ'தான்.

"இதுபோல ஒன்றை நான் பார்த்ததே இல்லை. நீ யாரிடம் படித்தாய்?"

யோகமலர் பக்கத்தில் நின்ற இங்குனைப் பார்த்தாள். நாடே அறிந்த முகம். பத்திரிகைக்காரரும் அவளை அறிந்து, வந்ததும் வணங்கியிருந்தார். ஆனாலும் இவள்தான் குரு என்று அவருக்குத் தோன்றவில்லை.

இங்குனின் முகம் முழுக்கச் சிரிப்பு. தன் குடம் அருங்காட்சியகத்துக்குப் போன அன்றுகூட அவள் அப்படிச் சிரித்திருக்கமாட்டாள்.

அந்த நேரத்தில்தான், கூட வந்திருந்த பெரித் குடத்துக்குப் பக்கத்தில் போனாள். தொடக்கூடாது என்று பலகை இருந்தது. பெரித் பலகை வாசிக்கிற ரகம் இல்லை. குனிந்து பார்த்தாள். தன் வலது பெருவிரலை ஒரு பள்ளத்தில் வைத்தாள். அதுவும் உள்பக்கமாக வளைந்த விரல். பள்ளத்துக்குள் அச்சாகப் பொருந்தியது.

காவலாளி வந்தார். "தொடக்கூடாது அம்மா."

"தொடவில்லையே," என்றாள் பெரித். "இது என் விரல் இருந்த இடம். திரும்ப வைக்கிறேன்."

கையை எடுக்காமலே வரியைப் பிடித்துக்கொண்டு குடத்தைச் சுற்றி நடக்கத் தொடங்கினாள். அவள் கண்ணிலிருந்து நீர் வழிந்தது. அதைத் துடைக்கவும் அவளுக்குத் தோன்றவில்லை.

யோகமலர் பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு சேலைத் தலைப்புக்குள்ளிருந்து கையை வெளியே எடுத்தாள். அத்தனை பேர் பார்க்க, அத்தனை படப்பெட்டிகளுக்கு முன்னால், பெரித்தின் வரிக்கு மேல் வரியில் தன் விரலை வைத்தாள். இருவரும் மேசையில் நின்ற அதே மாதிரி தோளோடு தோள் சேர்ந்து, குடத்தை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார்கள். மண்டபத்தில் கூட்டம் சேர்ந்துவிட்டது. காவலாளி பலகையை எடுத்துச் சுவரோரமாக வைத்தார். யாரோ கை தட்ட, கொஞ்ச நேரத்தில் மண்டபமே தட்டியது. எல்லோரையும்விடச் சத்தமாகத் தட்டியவர் இரத்தினசிங்கம்.

சத்தம் அடங்கியபிறகு யோகமலர் சுவரோரமாக வந்து இங்குனின் எதிரில் நின்றாள். மூச்சு வாங்கியது. கை வெளியேதான் இருந்தது.

"இப்பவாவது சொல்லுங்கோ. எப்பிடி இருக்கு?"

இங்குன் குடத்தைப் பார்த்தாள். அதைச் சுற்றி இன்னும் நடந்துகொண்டிருந்த பெரித்தைப் பார்த்தாள். பிறகு யோகமலரைப் பார்த்தாள்.

"தேரெ," என்று ஆரம்பித்தாள். "நீங்கள் மிகவும் நன்றாகச் செய்திருக்கிறீர்கள்."

யோகமலர் திரும்பித் தனக்குப் பின்னால் பார்த்தாள். அங்கே சுவர்தான் இருந்தது.

"யாரைத் தேடுகிறீர்கள்?" என்றாள் இங்குன்.